1915ல் காந்தியிடம் தரங்கம்பாடி மக்கள் சொன்ன குறை: நிலம் வாங்க முடியவில்லை. இன்றைக்கு?

நண்டலாறு (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். இந்தக் குழுவில் மேட்டூர்த் தண்ணீர், குறுவை, கொள்முதல் நிலையம் என்று தினமும் பேசுகிறோம். இன்றைக்கு வேறு ஒன்றைப் பேச வேண்டியிருக்கிறது. கொஞ்சம் நீளமாகத்தான் இருக்கும், பொறுமையாகப் படியுங்கள்.

தரங்கம்பாடி வட்டத்தில் நண்டலாற்றுக்கும் வீரசோழனாற்றுக்கும் நடுவில் எங்கள் ஊர். தில்லையாடி பக்கம்தான். வள்ளியம்மையை எங்கள் பகுதியில் தெரியாதவர் கிடையாது. பெற்றோர் தில்லையாடிக்காரர்கள், அவர் பிறந்தது 1898ல், ஜோகன்னஸ்பர்க்கில். கிறித்தவ முறைப்படி நடக்காத கல்யாணம் செல்லாது என்று தென்னாப்பிரிக்க நீதிமன்றம் 1913ல் தீர்ப்புச் சொன்னது. ஒப்பந்தம் முடித்த கூலிகள் ஆளுக்கு 3 பவுன் வரி கட்ட வேண்டும் என்ற சட்டமும் அப்போது இருந்தது. அந்தப் பெண் தாயோடு போராட்டத்தில் இறங்கி, சிறைக்குப் போய், அங்கே காய்ச்சல் கண்டு, வெளியே வந்த கொஞ்ச நாளில் 1914 பிப்ரவரி 22 அன்று இறந்துபோனார். வயது 16.

1915ல் இந்தியா திரும்பிய காந்தி, தன்னோடு சிறைக்கு வந்த தமிழர்களின் மண்ணைப் பார்க்க நம் பக்கம் வந்தார். மே 1ஆம் தேதி மாயவரத்தில் அவருக்கு வரவேற்பு. அந்தப் பேச்சு அச்சில் கிடைக்கிறது. தரங்கம்பாடியில் பஞ்சமர்கள், அதாவது தீண்டாதவர் என்று அன்று ஒதுக்கப்பட்ட மக்கள், தனக்கு ஒரு வரவேற்பு மடல் கொடுத்ததாகச் சொல்லி, அவர்களுடைய குறைகளை அந்த மேடையிலேயே எடுத்து வைக்கிறார். குடிதண்ணீருக்கு வழி இல்லை. பிழைப்புக்கு வேண்டிய சாமான்கள் கிடைக்க வழி இல்லை. நிலம் வாங்கவும் முடியவில்லை, வைத்துக்கொள்ளவும் முடியவில்லை. கோர்ட்டுக்குப் போவதும் கஷ்டம்.

அந்த நிலத்துக் குறையைப் படித்த இடத்தில் நின்றுவிட்டேன். வள்ளியம்மை சிறைக்குப் போன அதே 1913ல்தான் தென்னாப்பிரிக்காவில் இன்னொரு சட்டமும் வந்தது. கறுப்பின மக்கள் தங்களுக்கென்று ஒதுக்கிய பகுதிக்கு வெளியே நிலம் வாங்கக் கூடாது என்பது அந்தச் சட்டம். அங்கே அதற்கு ஒரு சட்டம் போட வேண்டியிருந்தது. இங்கே சட்டமே இல்லாமல் அது நடந்துகொண்டிருந்திருக்கிறது.

போன கார்த்திகையில் என் பெரியப்பா தவறிவிட்டார். நாலு நாளாக அடைமழை. எங்கள் தெருவிலிருந்து சுடுகாட்டுக்கு வண்டிப்பாதை கிடையாது. மற்றச் சாதியார் குடியிருக்கிற ஊர்த்தெரு வழியாகத் தார்ச்சாலை இருக்கிறது. அந்த வழியில் எங்கள் பாடை இதுவரை போனதில்லை. வயலில்தான் இறங்க வேண்டும். வரப்பு ஒற்றை ஆள் அகலம், தூக்குகிற நாலு பேரும் இரண்டு பக்கமும் சேற்றில் நடக்க வேண்டும். சம்பா நட்டு ஒரு மாதம் ஆகியிருந்தது, முழங்கால் தண்ணீர். வாய்க்காலைத் தாண்டும்போது இடுப்புக்கு மேல் வந்துவிட்டது, பாடையைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தோம். தீச்சட்டி எடுத்து வந்த என் தம்பி மகன் சட்டியை இரண்டு கையாலும் நெஞ்சுக்கு நேராக ஏந்திக்கொண்டு, கால் வைக்க இடம் தேடித் தேடி வந்தான். வயலுக்காரர் மடைக்குப் பக்கத்தில் நின்று, "பயிரைப் பாத்து மிதிங்கப்பா" என்றார். கெட்ட மனுஷர் இல்லை. அவர் பயிர், அவருக்கு வலிக்கத்தான் செய்யும். ஆனால் என் பெரியப்பா அறுபது வருஷம் அந்த வயலில்தான் நாற்றுப் பறித்தார், கதிர் அறுத்தார்.

டீக்கடையில் எல்லாருக்கும் ஒரே கிளாஸ் வந்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் ஒன்றாக உட்காருகிறார்கள். நிலம் என்ன ஆயிற்று? சுடுகாட்டுக்குப் போகிற பாதை, வீட்டுமனை, விளைகிற வயல், எல்லாம் சேர்த்துத்தான் கேட்கிறேன். உங்கள் ஊர்களில் எப்படி?

வெண்ணாற்றங்கரை

அண்ணே, பெரியப்பா மறைவுக்கு என் வருத்தங்கள். படிக்கவே மனசு கஷ்டமாக இருந்தது.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும், தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். எனக்கு ஊர் மன்னார்குடி பக்கம், இப்போது சென்னையில் வேலை. என் தாத்தா காலத்தில் ஏழு வேலி நிலம் இருந்தது. நில உச்சவரம்புச் சட்டத்தில் கொஞ்சம் போனது, அத்தைகள் கல்யாணத்துக்குக் கொஞ்சம் விற்றோம். இன்று ஒன்றரை வேலி, அதுவும் கடைமடை. ஆள் கிடைக்காமல் மிஷின் விட்டுத்தான் அறுக்கிறோம். எங்கள் ஊர் டீக்கடையில் யாரும் யாரையும் எந்தத் தெரு என்று கேட்பதில்லை. ஒரே மினிபஸ்ஸில்தான் எல்லாரும் போகிறோம். தென்னாப்பிரிக்காவில் நடந்தது அரசாங்கமே சட்டம் போட்டு, பிறந்த குழந்தையை இன்ன நிறம் என்று பதிவேட்டில் எழுதி வைத்த கொடுமை. அதோடு நம் ஊரை வைத்துப் பேசுவது கொஞ்சம் மிகை என்று படுகிறது. இங்கே சட்டம் முழுக்க அவர்கள் பக்கம்தானே இருக்கிறது?

கும்பகோணம் டூ டர்பன்

வேலைக்காகத் தென்னாப்பிரிக்காவின் டர்பனில் நாலு வருஷம் இருந்தேன், அதனால் எழுதுகிறேன்.

1913 சட்டம் நாட்டின் நிலத்தில் சுமார் 7 விழுக்காட்டைத்தான் கறுப்பின மக்களுக்கு விட்டது. 1936ல் அதைச் சுமார் 13 ஆக்கினார்கள். அவர்கள் அங்கே பெரும்பான்மை மக்கள் என்பதை நினைவில் வையுங்கள். அப்புறம் 1950ல், இன்ன இனத்தார் இன்ன பகுதியில்தான் குடியிருக்க வேண்டும் என்று ஒரு சட்டம். டர்பனுக்கு நடுவில் இருந்த இந்தியக் குடும்பங்களைக் கிளப்பிச் சாட்ஸ்வொர்த்தில் கொண்டுபோய் வைத்தார்கள். கறுப்பின மக்களைக் குவாமாஷுவுக்கும் உம்லாசிக்கும் அனுப்பினார்கள். 1860ல் சென்னையிலிருந்து முதல் கப்பலில் கரும்பு வெட்டப் போனவர்களின் வாரிசுகளை இன்றைக்கும் சாட்ஸ்வொர்த்தில் பார்க்கலாம். நாயுடு, பிள்ளை, கவுண்டன் என்று பெயருக்குப் பின்னால் இருக்கும். தமிழ் பேச வராது, ஆனால் தைப்பூசத்துக்குக் காவடி எடுப்பார்கள்.

நிலச் சட்டத்தையும் குடியிருப்புச் சட்டத்தையும் 1991ல் நீக்கிவிட்டார்கள். 1994ல் எல்லாருக்கும் ஓட்டு. ஆனால் நான் பஸ்ஸில் போகும்போது பார்த்தது இதுதான்: சட்டம் போய்விட்டது, ஊரின் அமைப்பு அப்படியே நிற்கிறது. யார் எந்தக் குன்றில், எந்தப் பள்ளத்தில் இருந்தார்களோ, பெரும்பாலும் அங்கேயேதான் இருக்கிறார்கள். கறுப்பின மக்கள் விடியற்காலை நாலரைக்கு எழுந்து இரண்டு வண்டி மாறி வேலைக்கு வருகிறார்கள். மலிவான நிலம் அவ்வளவு தூரத்தில்தான் இருக்கிறது.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும், நம்மவர்களுக்கு உறைக்கும். நடுப்படியில் நிறுத்தப்பட்ட நம் ஆட்கள் கீழ்ப்படியில் இருந்தவர்களோடு சேர்ந்து நின்றார்கள் என்று எப்போதும் சொல்ல முடியாது. சேர்ந்து சிறைக்குப் போனவர்கள் உண்டு. விலகி நின்றவர்கள் அதைவிட நிறைய. 2021 ஜூலைக் கலவரத்தில், டர்பன் பக்கத்தில் இந்திய வம்சாவளியினர் அதிகம் வாழும் ஃபீனிக்ஸில் 36 பேர் கொல்லப்பட்டார்கள், பெரும்பாலோர் கறுப்பின மக்கள். நான் கேட்ட கதைகளை இங்கே எழுத மாட்டேன், அவ்வளவு மோசம். மேலே இருக்கிறவனிடம் அடி வாங்குகிறவன் கீழே இருக்கிறவனைப் பார்த்துப் பயப்படுகிறான். இது நம் தஞ்சாவூர்ப் பக்கத்துக்குப் புதுசு இல்லை.

பாமணியாறு

நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியர், திருவாரூர் மாவட்டம். வெண்ணாற்றங்கரைத் தம்பி "சட்டம் அவர்கள் பக்கம்" என்று எழுதியிருக்கிறார். அது எப்படி வந்தது என்று தம்பிக்குச் சொல்ல வேண்டும்.

ஒரு வேலி என்பது இருபது மா, 6⅔ ஏக்கர். இன்றைக்குப் பிள்ளைகளுக்கு ஏக்கர்தான் தெரியும். அந்தக் காலத்தில் வேலிக் கணக்கில் வைத்திருந்த மிராசுதாரிடம் பண்ணையாள் என்று குடும்பம் குடும்பமாக இருந்தார்கள். அப்பன் பட்ட கடனுக்கு மகன் உழைப்பான். வேலைக்கு லேட்டாக வந்தால் சவுக்கடி, சாணியைக் கரைத்துக் குடிக்க வைக்கிற சாணிப்பால். இது கதை இல்லை, குடித்தவர்களை என் சின்ன வயதில் பார்த்திருக்கிறேன். கன்னட தேசத்துக் கம்யூனிஸ்டுத் தலைவர் பி. சீனிவாச ராவ் 1943ல் தஞ்சை மாவட்டத்துக்கு வந்து, சேரியிலேயே தங்கி, அங்கேயே சாப்பிட்டுச் சங்கம் கட்டினார். அடித்தால் திருப்பி அடி என்று சொல்லிக்கொடுத்தார். 1961ல் அவர் இறந்தபோது எங்கள் தெருவில் பெண்கள் மாரில் அடித்துக்கொண்டு அழுதார்கள்.

ராஜாஜி முதலமைச்சராக இருந்தபோது 1952ல் சாகுபடிதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. இனிப் பண்ணையாளை நினைத்தபோது விரட்ட முடியாது என்றது சட்டம். ஆனால் பல பண்ணைகள் பண்ணையாள் முறையையே கைவிட்டு, அன்றாடக் கூலிக்கு மாறிக்கொண்டன. சாட்டை போயிற்று, வேலைக்கு இருந்த உத்தரவாதமும் சேர்ந்து போயிற்று. 1961ல் ஒரு குடும்பத்துக்கு நில உச்சவரம்பு 30 ஸ்டாண்டர்டு ஏக்கர், 1970ல் அதை 15 ஆக்கினார்கள். அதற்குள் பல இடங்களில் நிலம் மருமகன் பெயரிலும் அறக்கட்டளைப் பெயரிலும் ஏறிவிட்டது.

அப்புறம் 1968 டிசம்பர் 25, கீழவெண்மணி. கூலிக்காரர்கள் கேட்டது அரைப்படி நெல் கூடுதல் கூலி. மிராசுதார்கள் சொன்னது, சங்கத்துச் செங்கொடியை இறக்கு என்று. அன்று ராத்திரி ஒரே குடிசைக்குள் 44 பேர், பெண்களும் குழந்தைகளும் கிழவர்களும், எரிந்துபோனார்கள். குற்றம் சாட்டப்பட்ட மிராசுதார் தரப்புக்குக் கீழ்க்கோர்ட்டு தண்டனை கொடுத்தது. 1973ல் உயர் நீதிமன்றம் விடுதலை செய்தது. கார் வைத்திருக்கிற பெரிய நிலக்காரர்கள் தாங்களே நடந்து வந்து தீ வைத்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லை என்பது அந்தத் தீர்ப்பில் சொன்ன காரணங்களில் ஒன்று. காந்தியிடம் 1915ல் தரங்கம்பாடி மக்கள் சொன்ன கடைசிக் குறை என்ன? கோர்ட்டுக்குப் போவது கஷ்டம் என்பது. 58 வருஷம் கழித்துக் கோர்ட்டுக்குப் போய் என்ன கிடைத்தது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இதில் வகுப்பில் எப்போதும் நான் அழுத்திச் சொன்ன இடம் ஒன்று உண்டு. அந்த மக்கள் குடியிருந்த மனையும் மிராசுதாருடையது. கூலி கேட்டால் கூலி இல்லை என்று சொல்ல மாட்டார்கள், "மனையைக் காலி பண்ணு" என்பார்கள். காலுக்குக் கீழே சொந்த மண் இல்லாதவன் எப்படிப் பேரம் பேசுவான்? 1971ல் குடியிருப்புச் சட்டம் வந்து, விவசாயத் தொழிலாளி குடிசை போட்டிருக்கிற மனை அவருக்கே சொந்தம் என்றது. என் அப்பா அந்தப் பட்டாவைத் தகரப் பெட்டியில், அம்மாவின் தாலிக்கயிற்றோடு வைத்திருந்தார். அதற்குப் பிறகுதான் எங்கள் தெரு ஆட்கள் கூலிப் பேச்சில் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். நான் பள்ளிக்கூடம் போனதும் அதற்குப் பிறகு கொஞ்சம் தைரியமாகத்தான்.

2011 கணக்கெடுப்பில் தமிழ்நாட்டில் பட்டியல் சாதியினர் 20 விழுக்காடு. திருவாரூர் மாவட்டத்தில் 34. மூன்றில் ஒருவருக்கு மேல். நெல் விளைந்த மண்ணில்தான் இத்தனை பேர், அந்த மண்ணில் அவர்களுக்கு எவ்வளவு என்று எந்த நிலம் யாருடையது என்று காட்டுகிற அ-பதிவேட்டை விஏஓவிடம் வாங்கிப் புரட்டிப் பாருங்கள், தம்பி. டீக்கடையில் அது தெரியாது.

அலையாத்தி

ஆசிரியர் அய்யாவுக்கு வணக்கம். நான் செவிலியர். முத்துப்பேட்டைப் பக்கம் எங்கள் ஊர், அம்மா நடவாள்.

நடவு எல்லாரும் போட்டோ எடுக்கிற விஷயம். வரிசையாகக் குனிந்து, பின்னால் பின்னால் நகர்ந்து நடுகிற அழகு. சீசன் முடிந்து வருகிற அம்மாவின் காலை யாரும் எடுப்பதில்லை. விரலிடுக்கெல்லாம் வெளுத்து வெந்து, சேற்றுப்புண். ராத்திரி மருதாணியை அரைத்து அப்பிக்கொண்டு, காலைத் திண்ணைக்கு வெளியே நீட்டித் தூங்குவார். நான் நர்சிங் படித்து வந்ததும் முதலில் வாங்கிக் கொடுத்தது புண்ணுக்கு ஆயின்மென்ட்தான். "மருதாணிதான்டி கேக்குது" என்றார், இரண்டையும் போட்டார்.

நான் எழுத வந்தது பட்டா விஷயம். அம்மா பெயருக்கு ஆதிதிராவிடர் வீட்டுமனைப் பட்டா, 3 சென்ட், நான் ஆறாவது படிக்கும்போது மேடை போட்டுக் கொடுத்தார்கள். லேமினேட் பண்ணி வைத்திருக்கிறோம். இன்று வரை அந்த மனை எது என்று யாரும் அளந்து காட்டவில்லை. கிராமக் கணக்கில் ஏறவில்லை, கம்ப்யூட்டர் சிட்டாவில் பழைய உரிமையாளர் பெயரே வருகிறது. எத்தனை தடவை தாலுகா ஆபீஸுக்கு நடந்தோம் என்பதற்குக் கணக்கு இல்லை. ஒவ்வொரு தடவையும் அம்மாவுக்கு ஒரு நாள் கூலி போகும். வீடு கட்டும் திட்டத்தில் எழுதப் போனால், மனை உங்கள் பெயரில் இல்லையே என்கிறார்கள். நாங்கள் ஆற்றுப் புறம்போக்கில்தான் இருக்கிறோம். கஜாப் புயலில் 2018ல் கூரை போனது, திரும்பவும் அங்கேயேதான் போட்டோம்.

ஆக, நிலம் கொடுத்தோம் என்பது வேறு, நிலம் கைக்கு வந்தது என்பது வேறு. வந்த இடங்களும் இருக்கின்றன, சொல்லாமல் விடக் கூடாது. வெண்மணிக்குப் பிறகு இந்தப் பக்கம் வந்து தங்கிய காந்தியவாதிகள் கிருஷ்ணம்மாளும் ஜெகந்நாதனும் 1981ல் லாஃப்டி என்ற அமைப்பைத் தொடங்கி, நிலக்காரர்களோடு பேசி விலைக்கு வாங்கி, குடும்பத்துக்கு ஒரு ஏக்கர் என்று பெண்கள் பெயரில் எழுதி வைத்தார்கள். அப்படி நிலம் கிடைத்த ஒரு குடும்பத்தில்தான் என் பெரியம்மா மகள் வாழ்க்கைப்பட்டிருக்கிறாள். மாமியார் பெயரில் ஒரு ஏக்கர். அந்த வீட்டில் மாமியார் பேச்சுக்கு இருக்கிற மரியாதையே வேறு. விற்கலாமா என்று பையன் கேட்டபோது, "நான் செத்தாலும் விக்கக் கூடாது"ன்னு ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார்.

நூறு நாள் வேலையையும் சேர்த்துச் சொல்கிறேன். 2006ல் நாகை மாவட்டத்துக்கு முதல் கட்டத்திலேயே வந்தது, அடுத்த கட்டத்தில் எங்கள் திருவாரூர் மாவட்டத்துக்கு வந்தது. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி என்பதை அம்மா வாழ்க்கையில் அங்கேதான் முதலில் பார்த்தார். அது வந்ததிலிருந்து ஆள் கிடைக்கவில்லை என்று சிலர் குறைப்படுகிறார்கள். வேறு போக்கு இல்லாததால் கிடைத்த ஆட்கள் அவர்கள்.

நெறியாளர்

இரண்டு பதிவுகளை நீக்கியிருக்கிறேன். எந்தச் சாதியின் பெயரையும் சொல்லித் திட்ட வேண்டாம். கோபப்படலாம், காரணத்தோடு எழுதுங்கள். ஊர்ப் பெயர், ஆள் பெயர் வேண்டாம்.

மகிமலையாறு

நானும் எழுதலாமா என்று யோசித்தேன். நான் ஊர்த்தெருக்காரன். ஆனால் எனக்கும் சொந்தத்தில் ஒரு குழி நிலம் கிடையாது. மூன்று தலைமுறையாகக் கோயில் நிலம் குத்தகைக்குச் செய்கிறோம், ஆறு மா. நம் டெல்டாவில் கோயில் நிலமும் மடத்து நிலமும் எவ்வளவு என்று எல்லாருக்கும் தெரியும்.

2016ல் மழை பொய்த்துச் சம்பா முழுக்கக் கருகியது. ஏக்கருக்கு 5,465 ரூபாய் நிவாரணம் என்று அறிவித்தார்கள். எங்கள் ஊரில் வாய்வழிக் குத்தகைக்காரர் பலருக்கு அது வரவில்லை, சாகுபடிக் கணக்கான அடங்கலில் பெயர் இருந்தவருக்குப் போனது. அந்த வயலில் நாள்கூலிக்கு வரும் கீழத்தெரு ஆட்களுக்கு எந்தக் கணக்கிலும் ஒன்றும் இல்லை. அன்று அது எனக்கு உறைக்கவே இல்லை. எனக்கு வரவில்லையே என்றுதான் அழுதேன்.

டர்பன் நண்பர் சொன்ன நடுப்படி நான்தான். நண்டலாறு அண்ணன் சொன்ன வயலுக்காரர் மாதிரி நானும் மடையில் நின்றிருக்கிறேன். பாதை விட்டால் என் ஆறு மாவில் முக்கால் மா போய்விடுமே என்றுதான் மனசு ஓடும். பாதையை என் வயிற்றிலிருந்து எடுக்காமல் அரசாங்கம் எடுத்தால், நான் ஏன் மறிக்கப் போகிறேன்? இதை மனசாரச் சொல்கிறேன்.

நண்டலாறு

மகிமலை அண்ணே, நீங்கள் எழுதியதற்கு நன்றி. அந்த முக்கால் மா பயம் எனக்குப் புரிகிறது. எங்கள் தெருவில் யாரும் உங்களைப் பகையாக நினைக்கவில்லை.

வெண்ணாற்றங்கரைத் தம்பிக்கு என் தாத்தா கதையைச் சொல்கிறேன். அவர் நாகப்பட்டினத்தில் ரஜூலா கப்பல் ஏறிப் பினாங்கு போய், ரப்பர்த் தோட்டத்தில் பால் மரம் வெட்டினார். பதினான்கு வருஷம். கையில் காசோடு திரும்பி வந்தார். நாலு மா வாங்க வேண்டும், அவ்வளவுதான் ஆசை. அப்போது விற்கிற நிலம் ஊரில் இருந்தது, கொடுக்க அவரிடம் பணமும் இருந்தது. ஆனால் விற்க ஆள் இல்லை. ஒருவர் அட்வான்ஸ் வாங்கிவிட்டு மூன்றாம் நாள் திருப்பிக் கொடுத்தாராம். "உனக்கு வித்தா நாளைக்கு என் வயல்ல யாரு இறங்குவா" என்றாராம். கடைசியில் ஊர்த்தெருவில் தெரிந்த ஒருவர் பெயரில் வாங்கினார். அவர் உயிரோடு இருந்தவரை நாணயமாக இருந்தார். அவர் போன பிறகு அவருடைய பிள்ளைகள், பத்திரம் எங்கள் பெயரில் இருக்கிறது என்றார்கள். அவ்வளவுதான். பதினான்கு வருஷத்துப் பால்மரக் காசு.

எந்தச் சட்டமும் தாத்தாவைத் தடுக்கவில்லை தம்பி. 1915ல் காந்தியிடம் சொன்னதே அவருக்கும் நடந்தது, சுதந்திரம் வந்த பிறகு. தென்னாப்பிரிக்காவில் எந்தத் தேதியில் அந்தச் சட்டம் போனது என்று சொல்ல முடிகிறது. இங்கே எது எந்தத் தேதியில் போனது என்று நான் யாரைக் கேட்பது? எழுதி வைக்காததை எப்படி ரத்து செய்வது? அதனால்தான் ஒப்பிட்டேன், யாரையும் குறைசொல்ல இல்லை.

வக்கீல் தம்பி

சட்டம் பற்றி இரண்டு விஷயம். சுடுகாடு, பொதுப்பாதை, ஆறு, குளம் இவற்றை மற்றவர்களோடு சமமாகப் பயன்படுத்த விடாமல் பட்டியல் சாதியினரைத் தடுத்தால் அது 1989 வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். 2015 திருத்தத்தில் இதைத் தெளிவாக எழுதினார்கள், 2016 ஜனவரி 26 முதல் நடப்பில் இருக்கிறது. அதே ஜனவரியில்தான் வழுவூர்ப் பிரச்சினையும் நடந்தது, மாயவரம் ஆட்களுக்கு நினைவிருக்கும். பொதுப்பாதையில் பட்டியல் சாதி முதியவர் ஒருவரின் உடலைக் கொண்டுபோகலாம் என்று உயர் நீதிமன்றமே உத்தரவு போட்டும், அந்தப் பாதையில் உடல் போகவில்லை.

இரண்டாவது, நண்டலாறு அண்ணனுக்கு. ஊர்த்தெரு வழியாகப் போகும் உரிமை உங்களுக்கு இருக்கிறது, அதை யாரும் மறுக்க முடியாது. அதோடு, உங்கள் தெருவிலிருந்து நேராக ஒரு பாதை இருந்ததா என்றும் பாருங்கள். நில அளவை வரைபடமான புலப்படத்தை வாங்குங்கள். பல ஊர்களில் பழைய படத்தில் "பாதை" என்று புறம்போக்கு இருக்கும், காலப்போக்கில் இரண்டு பக்கமும் வரப்பை வெட்டி வெட்டி ஒற்றையடி ஆக்கியிருப்பார்கள். அது யாருடைய பட்டா நிலமும் இல்லை. மகிமலை அண்ணன் பயப்படும் முக்கால் மா பிரச்சினையும் அங்கே வராது. தாலுகா ஆபீஸில் வருஷா வருஷம் கிராமக் கணக்கைச் சரிபார்க்கிற ஜமாபந்தி வருகிறது, அங்கேயே மனுக் கொடுங்கள், ரசீது வாங்காமல் வராதீர்கள். அலையாத்தி அக்காவும் அந்தப் பட்டா நகலோடு அங்கே போகலாம்.

அரசு ஆவணங்களில் பட்டியல் சாதியினர் தெருவைக் குறிக்கும் "காலனி" என்ற சொல்லை நீக்குவோம் என்று 2025 ஏப்ரலில் முதல்வர் சட்டமன்றத்தில் அறிவித்தது நல்ல விஷயம், மனசார வரவேற்கிறேன். பெயர் மாறுவதோடு புலப்படத்தில் இருக்கிற பாதையும் தரையில் வர வேண்டும்.

வெண்ணாற்றங்கரை

இரண்டு நாளாக எழுதாமல் இருந்தேன். ஊரில் சித்தப்பாவுக்குப் போன் போட்டேன். "நம்ம ஊர்ல கீழத்தெரு ஆளுங்க சுடுகாட்டுக்கு எந்த வழியாப் போறாங்க சித்தப்பா?" என்று கேட்டேன். "நம்ம மேலவயல் வரப்புலதான். எப்பவும் அப்படித்தானே" என்றார். மழைக்காலத்தில் என்றேன். "இறங்கித்தான் போவாங்க" என்றார்.

நான் அந்த வயலில் விளையாடி வளர்ந்தவன். 38 வயதாகிறது. ஒரு தடவை கூட இந்தக் கேள்வி எனக்கு வந்ததில்லை. டீக்கடை கிளாஸை வைத்து நான் முதலில் எழுதியதை நீக்கவில்லை, இருக்கட்டும். அண்ணே, மன்னித்துவிடுங்கள்.

புலப்படத்துக்கு ஆன்லைனில் போட்டிருக்கிறேன். பாதை எங்கள் பட்டாவுக்குள் வந்தாலும் என் பங்கில் விட்டுவிடலாம் என்று சித்தப்பாவிடம் சொன்னேன். கோபமாகப் போனை வைத்துவிட்டார். ஆடியில் நேரில் போய்ப் பேசுகிறேன்.

நண்டலாறு

மன்னிப்பெல்லாம் வேண்டாம் தம்பி. சித்தப்பாவிடம் பொறுமையாகப் பேசுங்கள், வயசானவர்.

வக்கீல் தம்பி சொன்னபடி புலப்படம் வாங்கிவிட்டேன். இருக்கிறது. எங்கள் தெருக் கோடியிலிருந்து வாய்க்கால் வரை "பாதை" என்று இரட்டைக் கோடு போட்டிருக்கிறது, அகலம் 3.2 மீட்டர். இப்போது தரையில் ஒரு அடிதான். படத்தை எங்கள் தெரு வேப்பமரத்தடியில் வைத்துப் பார்த்தபோது பெரியம்மா வந்து விரலால் அந்தக் கோட்டைத் தடவிப் பார்த்தார். "அப்ப மாட்டுவண்டி போயிருக்கும் போல" என்றார்.

நேற்று ஜமாபந்தியில் மனுக் கொடுத்தோம், பதினொரு பேர் கையெழுத்து. ஊர்த்தெருவிலிருந்தும் இரண்டு பேர் போட்டிருக்கிறார்கள், அதில் ஒருவர் அன்றைக்கு மடையில் நின்றவர். சர்வேயர் வருகிற தேதியைக் குறுஞ்செய்தியில் சொல்வார்களாம். குறுவைக்கு உழவு ஓட்டுவதற்குள் அளந்துவிட வேண்டும், இல்லாவிட்டால் தை வரை காத்திருக்க வேண்டியதுதான். சங்கிலி பிடிக்கவும் கல் ஊன்றவும் ஆட்கள் வேண்டும். பாமணியாறு அய்யா, நீங்கள் அன்று கூட இருந்தால் எங்களுக்குத் தெம்பாக இருக்கும். கும்பகோணம் நண்பரே, நீங்கள் இப்போது ஊரில்தானே இருக்கிறீர்கள்?